தொடக்ககால அரசுமுறை நிகழ்வுப் படச்சுருள்கள்: வரலாற்றுச் சான்றாகக் கொள்வதன் எல்லைகள் (1895–1912)

ஆய்வுச் சுருக்கம்

திரைப்படக் கருவி தோன்றிய முதல் இருபது ஆண்டுகளுக்குள் முடிசூட்டு விழாக்கள், அரசுத் தலைவர்களின் அயல்நாட்டுப் பயணங்கள், படை அணிவகுப்புகள் ஆகியவை பெருமளவில் படமாக்கப்பட்டன. இச்சுருள்கள் இன்று எண்ணிம வடிவில் எளிதாகக் கிடைப்பதால் வரலாறு, ஊடகவியல், பண்பாட்டு ஆய்வுத் துறையினர் இவற்றை நேரடிச் சான்றாக எடுத்தாளும் போக்கு வளர்ந்துள்ளது. ஓர் அரச சைகை உண்மையில் நிகழ்ந்ததா என்ற வழக்கைத் தீர்க்கப் படச்சுருள் அழைக்கப்பட்ட இரு நிகழ்வுகளை இக்கட்டுரை ஒப்பிடுகின்றது. ஒன்று, 1897இல் பிரெஞ்சுக் குடியரசுத் தலைவர் ஃபெலிக்ஸ் ஃபோர் ரஷ்யாவில் செலுத்திய மரியாதை; மற்றொன்று, 1911 தில்லி தர்பாரில் பரோடா மன்னர் மூன்றாம் சயாஜிராவ் கெய்க்வாட் செலுத்திய வணக்கம். படச்சுருள் செயலை நிறுவக்கூடும், கருத்தை நிறுவாது என்பதும், செயலை நிறுவுவதற்கும் அனுமதி, கருவியின் இடம், ஓட்ட வேகம், எச்சம் ஆகிய நான்கையும் ஆராய வேண்டும் என்பதும் இக்கட்டுரையின் முடிவாகும்.

திறவுச்சொற்கள்: தொடக்ககாலத் திரைப்படம், அரசுமுறைப் பயணம், படை அணிவகுப்பு, தில்லி தர்பார், கினிமாகலர், மத்துஷெவ்ஸ்கி, சான்றுத் திறனாய்வு.

முன்னுரை

கல்வெட்டு ஒன்றைச் சான்றாகக் கொள்ளும் ஆய்வாளர் அதை வெட்டுவித்தவர் யார், எங்கு வெட்டப்பட்டது, எழுத்தமைதி எக்காலத்தது, சிதைந்த பகுதி எவ்வளவு என்று கேட்ட பின்னரே அதன் செய்தியை ஏற்கிறார். ஓலைச்சுவடிக்கும் இவ்வாறே பாடவேறுபாடு பார்க்கப்படுகிறது. படச்சுருளைப் பொறுத்தவரை இக்கேள்விகள் பெரும்பாலும் எழுவதில்லை. கண்முன் நிகழ்வதுபோல் தோன்றும் காட்சி தன்னைத்தானே மெய்ப்பித்துக்கொள்வதாக எண்ணப்படுகிறது.

அரசுமுறை நிகழ்வுகளின் படச்சுருள்களில் இச்சிக்கல் இரு மடங்காகின்றது. விழா என்பதே பிறர் காண்பதற்காக முன்கூட்டி அமைக்கப்பட்ட நிகழ்வு. எனவே அதன் படச்சுருள், அமைக்கப்பட்ட ஒன்றைப் பற்றிய மற்றோர் அமைப்பாகிறது. எனினும் விழாவை அமைத்தவர் எதிர்பாராத ஒன்றும் சில வேளைகளில் அதில் பதிந்துவிடுகின்றது. இவ்விரு தன்மைகளையும் பிரித்தறிவதற்கான வழியை இக்கட்டுரை ஆராய்கின்றது.

1. விழாவும் கருவியும்

லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் கட்டணம் பெற்று முதன்முதலாகப் படம் காட்டிய நாள் 1895 டிசம்பர் 28. அதற்கு ஆறு திங்களுக்கு முன்பே, 1895 ஜூனில், ஜெர்மனியின் கீல் கால்வாய்த் திறப்பு விழாவைப் பர்ட் ஏக்கர்ஸ் படமாக்கியிருந்தார். பேரரசர் இரண்டாம் வில்ஹெல்ம் பங்கேற்ற அவ்விழா, அரசு நிகழ்வொன்று அசையும் படமானதற்கான மிகப் பழைய எடுத்துக்காட்டுகளுள் ஒன்றாகும்.

அடுத்த ஆண்டிலேயே இத்தகைய படங்கள் பெருகின. 1896 மே 26 அன்று மாஸ்கோவில் நடந்த இரண்டாம் நிக்கோலசின் முடிசூட்டு விழாவை லூமியேர் நிறுவனத்தின் படப்பிடிப்பாளர்களான ஷார்ல் மொய்சோன், பிரான்சிஸ் டூப்ளியே ஆகியோர் பதிவு செய்தனர். அதே ஆண்டு அக்டோபர் 3ஆம் நாள் ஸ்காட்லாந்தின் பால்மோரல் மாளிகைக்கு வந்திருந்த ரஷ்யப் பேரரசரையும் விக்டோரியா அரசியாரையும் டௌனி நிறுவனத்தார் படமெடுத்தனர். அப்படம் நவம்பர் 23ஆம் நாள் விண்ட்சர் மாளிகையில் அரசியார் முன்னிலையில் காட்டப்பட்டது. பால்மோரலிலிருந்து பேரரசர் பிரான்சுக்குச் சென்றார். பாரிஸ் வீதிகளில் அவருடைய ஊர்வலம் லூமியேர் சுருள்களில் பதிவாயிற்று. ஒரே பயணத்தின் இரு முகங்களை இச்சுருள்கள் காட்டுகின்றன. பால்மோரலில் குழந்தைகள் சூழ உறவினர் கூடிய குடும்பக் காட்சி. பாரிஸில் குதிரைப்படை சூழ்ந்த கூட்டணிக் காட்சி.

விழாக்களும் அணிவகுப்புகளும் முதலில் படமானதற்குத் தொழில்நுட்பக் காரணமும் உண்டு. அக்கால லூமியேர் சுருள் ஏறத்தாழ 17 மீட்டர் நீளமுடையது. நொடிக்கு ஏறத்தாழ 16 சட்டகங்கள் என்ற அளவில் கைப்பிடியைச் சுழற்றினால் அது 50 நொடிகளில் முடிந்துவிடும். கருவி முக்காலியில் ஓரிடத்தில் நிற்கும். செயற்கை ஒளி இல்லை. இத்தகைய கருவிக்கு நேரம், வழி, வரிசை மூன்றும் முன்பே குறிக்கப்பட்டுப் பகல் வெளிச்சத்தில் நடைபெறும் நிகழ்வே பொருந்தும். அரச ஊர்வலமும் படை அணிவகுப்பும் அவ்வாறு அமைந்தவை. கருவி காத்திருக்க, நிகழ்வு தானே அதன்முன் கடந்து செல்லும்.

ஆகவே இச்சுருள்களில் காணப்படும் ஒழுங்கு அரசின் ஒழுங்கு மட்டுமன்று. ஒழுங்கானவற்றை மட்டுமே பதிவுசெய்ய வல்ல கருவியின் ஒழுங்கும் அதில் கலந்துள்ளது. 1895–1900 காலப் படங்களைக் கொண்டு அக்காலப் பொதுவெளியே கட்டுப்பாடு மிக்கதாக இருந்தது என்று முடிவுசெய்வது பிழையாகும்.

2. அனுமதியின் எல்லை

கருவி எங்கு நிற்கலாம் என்பதை விழாவை நடத்துவோரே முடிவு செய்தனர். இவ்வனுமதியின் எல்லை மாஸ்கோவில் வெளிப்பட்டது. முடிசூட்டு விழா முடிந்து நான்கு நாள்களுக்குப் பின், 1896 மே 30 அன்று, கோதின்கா வெளியில் மக்களுக்கு நினைவுப் பரிசு வழங்க ஏற்பாடாகியிருந்தது. அங்கு ஏற்பட்ட நெரிசலில் அரசுக் கணக்குப்படியே 1,300க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். அவ்விடத்தில் கருவியுடன் இருந்த டூப்ளியே, தாம் அக்காட்சியைப் பதிவு செய்ததாகவும் காவல்துறையினர் கருவியையும் சுருள்களையும் பறித்துக்கொண்டதாகவும் பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார்.

அந்நினைவுக் குறிப்பும் பல ஆண்டுகள் கழித்துச் சொல்லப்பட்டதே. எனவே அதன் ஒவ்வொரு நுணுக்கத்தையும் அப்படியே ஏற்க வேண்டியதில்லை. ஆயினும் எஞ்சியுள்ள சுருள்களின் நிலை தெளிவாகவே உள்ளது. முடிசூட்டு ஊர்வலம் இன்றும் காணக்கிடைக்கின்றது. கோதின்கா நெரிசல் கிடைக்கவில்லை. ஒரே வாரத்தில், ஒரே நகரில், ஒரே படப்பிடிப்பாளர்களைக் கொண்டிருந்தும் விழா மட்டுமே படமாக எஞ்சியது. படத்தொகுப்பு ஒன்றில் இருப்பதை ஆராயும்போது அதே நாள்களில் நிகழ்ந்து அதில் இல்லாதவற்றையும் பட்டியலிட வேண்டும் என்பதற்கு இது தக்க சான்று.

அனுமதி மறுக்கப்பட்ட இடத்தில் வேறொரு வழக்கமும் தோன்றியது. ஏழாம் எட்வர்டின் முடிசூட்டு விழா 1902 ஜூன் 26 அன்று வெஸ்ட்மின்ஸ்டர் பேராலயத்தில் நடைபெறுவதாக இருந்தது. பேராலயத்தினுள் படமெடுக்க இயலாத நிலையில், சார்லஸ் அர்பனின் நிறுவனத்துக்காக ஜார்ஜ் மெலியே நடிகர்களைக் கொண்டு அச்சடங்கைப் பிரான்சில் முன்கூட்டியே படமாக்கினார். மன்னரின் உடல்நலக் குறைவால் விழா ஆகஸ்ட் 9ஆம் நாளுக்குத் தள்ளிப்போயிற்று. நிகழ்வின் படம் நிகழ்வுக்கு முன்பே ஆயத்தமாக இருந்தது. உண்மையான ஊர்வலக் காட்சிகளோடு இணைத்து அது காட்டப்பட்டது. அக்காலப் பார்வையாளர் இதை ஏமாற்றாகக் கருதவில்லை. செய்தித்தாளில் ஓவியர் வரையும் படத்தைப் போன்றே ஏற்றனர். இன்றைய தொகுப்புகளில் அத்தகைய சுருள் தலைப்பின்றித் துண்டாகக் கிடைக்குமானால், மெய்ப்பதிவையும் மீளுருவாக்கத்தையும் பிரித்தறிவது ஆய்வாளரின் பொறுப்பாகிறது.

3. ஃபோரின் மரியாதை: படம் விடுவித்த வழக்கு

1897 ஆகஸ்ட் இறுதியில் பிரெஞ்சுக் குடியரசுத் தலைவர் ஃபெலிக்ஸ் ஃபோர் கப்பலில் ரஷ்யாவுக்குச் சென்றார். முந்தைய ஆண்டு பேரரசர் பிரான்சுக்கு வந்ததற்கான மறுவருகை இது. இரு நாடுகளும் கூட்டணி நாடுகள் என்பது இப்பயணத்தின் நிறைவு விருந்தில்தான் வெளிப்படையாக அறிவிக்கப்பட்டது. எனவே ஒவ்வொரு சைகைக்கும் அரசியல் பொருள் இருந்தது. ஃபோர் ரஷ்யக் கொடிக்கு உரிய மரியாதை செலுத்தத் தவறினார் என்ற குற்றச்சாட்டு ஜெர்மனியின் முன்னாள் தலைமையமைச்சர் பிஸ்மார்க்கின் பெயரால் எழுந்தது.

இப்பயணத்தைப் படமாக்கியவருள் ஒருவர் போலந்து நாட்டவரான பொலெஸ்லாவ் மத்துஷெவ்ஸ்கி. அவருடைய சுருளில் ஃபோர் மரியாதை செலுத்துவது பதிவாகியிருந்தது. அப்படம் ஃபோரின் முன்னிலையிலும் காட்டப்பட்டது. குற்றச்சாட்டு பொய்யென மறுக்கப்பட்டது. ஓர் அரசியல் சர்ச்சையில் அசையும் படம் சாட்சியாக அழைக்கப்பட்ட மிகத் தொடக்ககால நிகழ்வுகளுள் இது ஒன்றாகும்.

இவ்வெற்றியை அடியொற்றி மத்துஷெவ்ஸ்கி 1898 மார்ச்சில் பாரிஸில் சிறுநூல் ஒன்றை வெளியிட்டார். அசையும் படம் வரலாற்றுக்குப் புதியதொரு மூலம் என்றும், அதைப் பாதுகாக்க அரசு சார்ந்த காப்பகம் வேண்டும் என்றும் அதில் வாதிட்டார். தனி நிழற்படத்தைத் திருத்தலாம். ஆயிரத்துக்கும் மேற்பட்ட சிறு படங்களை ஒன்றுபோல் திருத்துவது அரிது என்பது அவர்தம் முதன்மை வாதம். 50 நொடிச் சுருளிலேயே ஏறத்தாழ 800 சட்டகங்கள் இருப்பதைக் கருதினால் அக்காலத் தொழில்நுட்பத்தில் இவ்வாதத்தின் வலிமை விளங்கும்.

அவரே அதன் எல்லையையும் உணர்ந்திருந்தார். வரலாற்று நிகழ்வு எதிர்பார்த்த இடத்தில் நடப்பதில்லை என்பதையும், காரணங்களைவிட விளைவுகளே கருவிக்கு எளிதில் அகப்படும் என்பதையும் அச்சிறுநூலிலேயே அவர் ஏற்றுக்கொண்டுள்ளார். ஃபோர் வழக்கில் படம் வென்றதற்குக் காரணம் கேள்வி எளிதாக இருந்ததே. மரியாதை செலுத்தினாரா, இல்லையா என்பதே வினா. ஏன் செலுத்தினார், எவ்வுணர்வோடு செலுத்தினார் என்று எவரும் கேட்கவில்லை.

4. கெய்க்வாட்டின் வணக்கம்: படம் தீர்க்காத வழக்கு

ஃபோர் பயணத்துக்குப் பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1911 டிசம்பர் 12 அன்று தில்லியில் ஐந்தாம் ஜார்ஜின் முடிசூட்டு தர்பார் நடைபெற்றது. தலைநகரம் கல்கத்தாவிலிருந்து தில்லிக்கு மாற்றப்படும் என்ற அறிவிப்பும் வங்கப் பிரிவினையை நீக்கும் அறிவிப்பும் அன்றே வெளியாயின. சுதேச மன்னர்கள் ஒருவர் பின் ஒருவராக வந்து பேரரசரை வணங்கிப் பின்னடி வைத்து விலக வேண்டும் என்பது முறை. ஹைதராபாத் நிஜாமை அடுத்துப் பரோடா மன்னர் வந்தார். அவர் முழு அணிகலன்கள் இன்றி எளிய உடையில் கைத்தடியுடன் வந்தார் என்றும், சுருக்கமாக ஒருமுறை தலைதாழ்த்தி முதுகு காட்டித் திரும்பிச் சென்றார் என்றும் ஆங்கில இதழ்கள் குற்றஞ்சாட்டின.

இங்குக் கேள்வி ஃபோர் வழக்கிலிருந்து வேறுபடுகின்றது. கெய்க்வாட் வணங்கினார் என்பதில் ஐயமில்லை. அவ்வணக்கம் அவமதிப்பா, தடுமாற்றமா என்பதே வினா. தேசிய இயக்கத்தாரிடம் அவர் பரிவு காட்டுகிறார் என்ற ஐயம் ஆங்கில அரசுக்கு முன்பே இருந்தது. அரவிந்தர் பரோடா அரசுப் பணியில் பல்லாண்டுகள் இருந்தவர் என்பதும் நினைவில் இருந்தது. பதற்றத்தாலும் குழப்பத்தாலும் நேர்ந்த பிழை அது என்று மன்னர் எழுதிய வருத்தக் கடிதம் இதழ்களில் வெளியாயிற்று.

வணக்கக் காட்சி பதிவான செய்திப்படம் இங்கிலாந்தில் காட்டப்பட்டபோது சர்ச்சை ஓயவில்லை. மன்னர் விரைந்து வந்து, சுருக்கமாகத் தலைதாழ்த்தி, திரும்பிச் செல்வதாகவே காட்சி தோன்றியது. ஐயத்தோடு பார்த்தவருக்கு அது அவமதிப்பாயிற்று; பரிவோடு பார்த்தவருக்குத் தடுமாற்றமாயிற்று. பிற்கால இந்தியத் தேசிய வரலாற்றெழுத்தில் அதே சைகை துணிச்சலின் அடையாளமாகவும் கொள்ளப்பட்டது. ஒரே காட்சி மூன்று பொருள்களுக்கு இடம் தந்தது. மூன்றுமே படத்திற்கு வெளியிலிருந்து வந்தவை.

இவ்விரு வழக்குகளையும் ஒருங்கே நோக்கும்போது ஒரு வரையறை கிடைக்கிறது. செயல் நிகழ்ந்ததா என்ற வினாவுக்குப் படச்சுருள் விடையளிக்கக்கூடும். செயலின் கருத்து யாது என்ற வினாவுக்கு அது துணைச் சான்றாகலாமேயன்றித் தீர்ப்பாகாது.

5. வேகம்: மூன்று நொடி எவ்வளவு நேரம்?

கெய்க்வாட்டின் வணக்கத்தில் குற்றமாகக் கூறப்பட்டவற்றுள் ஒன்று விரைவு. ஆனால் விரைவு என்பது படச்சுருளில் நிலையான பண்பன்று. கையால் சுழற்றப்பட்ட கருவியில் வேகம் படப்பிடிப்பாளருக்கேற்ப மாறும். திரையிடுவோரும் தம் விருப்பப்படி வேகத்தைக் கூட்டுவதுண்டு.

ஒரு கணக்கு இதை விளக்கும். மூன்று நொடி நீடித்த ஒரு வணக்கம் நொடிக்கு 16 சட்டகங்கள் வீதம் பதிவாகியிருந்தால் 48 சட்டகங்கள் கிடைக்கும். அதையே பேசும்பட வேகமான நொடிக்கு 24 சட்டகங்கள் வீதம் ஓட்டினால் இரண்டு நொடிகளில் முடிந்துவிடும். நிதானமான வணக்கம் அவசர வணக்கமாகிவிடும். நொடிக்கு 32 சட்டகங்கள் வீதம் எடுக்கப்பட்டிருந்தால் 96 சட்டகங்கள். அதை 24 வீதம் ஓட்டினால் நான்கு நொடிகள் நீளும். அவசர வணக்கம் நிதானமானதாகத் தோன்றும். சயாஜிராவின் மீது சாட்டப்பட்ட குற்றத்தின் ஒரு பகுதி இவ்வளவு நெகிழ்வான அளவுகோலின்மேல் நின்றது.

படை அணிவகுப்புச் சுருள்களில் இதே சிக்கலுக்கு ஒரு திருத்தமும் கிடைக்கின்றது. படைநடைக்கு வரையறுக்கப்பட்ட அடிவீதம் உண்டு. அணிவகுப்பில் ஒரு நிமிடத்துக்குரிய அடிகளை எண்ணி, அப்படைப்பிரிவின் அக்கால நடைவிதியோடு ஒப்பிட்டால் மூல வேகத்தை அணுக்கமாகக் கணிக்கலாம். அதே சுருளில் அடுத்து வரும் பிற காட்சிகளுக்கும், இடையில் வெட்டு இல்லையெனில், அவ்வேகத்தைப் பொருத்திப் பார்க்கலாம்.

6. நிறமும் எச்சமும்

தில்லி தர்பாரைப் பல நிறுவனங்கள் கருப்பு வெள்ளையில் எடுத்தன. சார்லஸ் அர்பனின் குழு மட்டும் கினிமாகலர் முறையில் வண்ணத்தில் எடுத்தது. 1912 பிப்ரவரி 2 அன்று லண்டன் ஸ்கேலா அரங்கில் தொடங்கிய இப்படக்காட்சி ஏறத்தாழ இரண்டரை மணி நேரம் நீடித்தது.

ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் உருவாக்கிய கினிமாகலர் முறையில் சுருளில் நிறம் இருப்பதில்லை. சுழலும் சிவப்பு, பச்சை வடிகட்டிகளின் வழியாக அடுத்தடுத்த சட்டகங்கள் கருப்பு வெள்ளையிலேயே பதிவாகும். அதேபோன்ற வடிகட்டி பொருத்திய கருவியில், நொடிக்கு ஏறத்தாழ 32 சட்டகங்கள் வேகத்தில் ஓட்டும்போது பார்ப்பவர் கண்ணில்தான் நிறம் உருவாகும். சிவப்புச் சட்டகமும் பச்சைச் சட்டகமும் வெவ்வேறு கணங்களில் எடுக்கப்பட்டவை. எனவே அசையும் பொருளின் விளிம்பில் நிறம் பிரிந்து தெரியும். அசையாத மேடை தெளிவாகவும், விரையும் குதிரைப்படை நிறம் சிதறியும் தோன்றுவது இம்முறையின் இயல்பு. கருவியை அறியாதவர் அதைச் சுருளின் சிதைவு என்று கொள்ள நேரும்.

இரண்டரை மணி நேரப் படத்தின் பெரும்பகுதி அழிந்துவிட்டது. தர்பாரை ஒட்டி நடந்த படை அணிவகுப்பைக் காட்டும் ஒரு பகுதி 2000ஆம் ஆண்டையொட்டி மாஸ்கோவுக்கு அருகிலுள்ள கிராஸ்னோகோர்ஸ்க் ஆவணக் காப்பகத்தில் அடையாளம் காணப்பட்டது. இதனால் அப்படத்தைப் பற்றிய இன்றைய மனப்பதிவு அணிவகுப்பையே மையமாகக் கொள்ள நேர்கின்றது. அது அர்பனின் தேர்வன்று, எச்சத்தின் விளைவு.

இந்தியச் சூழலில் எச்சத்தின் சாய்வு மேலும் கூர்மையானது. கல்கத்தாவின் ஹீராலால் சென் 1905இல் வங்கப் பிரிவினைக்கு எதிரான மக்கள் கூட்டத்தைப் படமாக்கினார். அவருடைய சுருள்கள் 1917இல் தீக்கிரையாயின. பிரிவினையை நீக்கும் அறிவிப்பு வெளியான தர்பாரைப் படத்தில் காணலாம். அந்த அறிவிப்புக்குக் காரணமான எதிர்ப்பைக் காண இயலாது. விளைவு எஞ்சிக் காரணம் மறைந்தது. மத்துஷெவ்ஸ்கி கருவியின் எல்லையாகக் கூறியது இங்குக் காப்பகத்தின் எல்லையாகவும் ஆகின்றது.

அரசு நிகழ்வுப் படப்பிடிப்புக்குத் தமிழ்த் திரைப்பட வரலாற்றோடும் ஒரு தொடர்பு உண்டு. தென்னிந்தியாவின் முதல் கதைப்படத்தை உருவாக்கிய ஆர். நடராஜ முதலியார், கர்சன் பிரபு பற்றிய ஆவணப்படப் பணியில் ஈடுபட்டிருந்த ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயரிடம் ஒளிப்பதிவு கற்றார் என்பர். அதன்படி, ஆட்சியாளரைப் படமெடுத்த கைத்திறனே தமிழகத்தில் புராணக் கதைப்படத்திற்கும் அடிப்படையாயிற்று. எனவே இச்சுருள்களின் ஆய்வு தமிழ்த் திரைப்பட வரலாற்றின் முன்வரலாற்றுக்கும் உரியதாகும்.

7. சான்றுத் திறனாய்வுக்கான நான்கு வினாக்கள்

மேற்கண்ட நிகழ்வுகளிலிருந்து தொடக்ககால அரசுமுறைச் சுருள்களை அணுகுவதற்கு நான்கு வினாக்களை வகுக்கலாம்.

முதலாவது, அனுமதி. படமெடுக்க யார் இசைந்தனர்? அதே நாள்களில் எது படமாக்கப்படவில்லை, அல்லது பறிக்கப்பட்டது? காட்சி மெய்ப்பதிவா, மீளுருவாக்கமா?

இரண்டாவது, இடம். கருவி எங்கு நின்றது? அங்கிருந்து எது மறைந்தது? 1897 ஜூன் 22 அன்று லண்டனில் நடந்த விக்டோரியா அரசியாரின் வைரவிழா ஊர்வலத்தைப் பல நிறுவனங்கள் பாதையின் வெவ்வேறு இடங்களிலிருந்து எடுத்தன. அத்தகைய நிகழ்வுகளில் சுருள்களை ஒன்றோடொன்று ஒப்பிடுவது சுவடிகளின் பாடவேறுபாடு நோக்குவதற்கு ஒப்பாகும்.

மூன்றாவது, வேகம். மூலப் பதிவு வேகம் என்ன? எண்ணிம வடிவில் அது மாற்றப்பட்டுள்ளதா? விரைவு, தயக்கம், பணிவு, செருக்கு போன்ற சொற்களை இவ்வினாவுக்கு விடை காணாமல் பயன்படுத்துதல் கூடாது.

நான்காவது, எச்சம். கிடைப்பது முழுப்படத்தில் எத்தனை பங்கு? எந்தக் காப்பகத்தில், எவ்வழியாக எஞ்சியது? அழிந்த பகுதியைப் பற்றி அக்கால விளம்பரங்களும் இதழ்ச் செய்திகளும் கூறுவது யாது?

முடிவுரை

மத்துஷெவ்ஸ்கி கேட்ட காப்பகம் அவர் காலத்தில் அமையவில்லை. திரைப்படக் காப்பகங்களின் பன்னாட்டுக் கூட்டமைப்பு 1938இல்தான் உருவாயிற்று; இந்தியத் தேசியத் திரைப்படக் காப்பகம் 1964இல் புனேயில் தொடங்கப்பட்டது. இடைப்பட்ட காலத்தில் தீயும் வேதிச்சிதைவும் கவனமின்மையும் தப்பவிட்டவையே இன்றைய மூலங்கள்.

ஃபோர் வழக்கில் படச்சுருள் ஒருவரைப் பழியிலிருந்து விடுவித்தது. கெய்க்வாட் வழக்கில் ஒருவர்மேல் சுமத்தப்பட்ட பழிக்கு அது துணைநின்றது. இரண்டிலும் கருவி செய்த பணி ஒன்றே: தன்முன் நிகழ்ந்ததன் ஒளியைப் பதிந்தது. வேறுபாடு, அதனிடம் கேட்கப்பட்ட கேள்வியில் இருந்தது. ஃபோரிடம் கேட்கப்பட்டது செயல் பற்றிய கேள்வி. சயாஜிராவிடம் கேட்கப்பட்டது உள்ளம் பற்றிய கேள்வி. பின்னதற்கு விடை தேடுவோர் கடிதங்கள், அரசு ஆவணங்கள், இதழ்ச் செய்திகள் ஆகியவற்றோடு சேர்த்தே படச்சுருளை நோக்க வேண்டும். சுருளை மட்டும் கொண்டு மனிதரின் கருத்தைத் தீர்மானிப்பது 1911இல் நேர்ந்த பிழையை மீண்டும் செய்வதாகும்.